விசிலுக்குக் காத்திருந்த மலை

எங்கள் ஊர் மலையை வெட்டித் தின்று தீர்க்க நாற்பத்தோரு வருடம் ஆனது; அது திரும்பி வருவதற்கு ஒரு காலைப்பொழுது போதுமாக இருந்தது. ஆடி மாதம் மூன்றாம் புதன்கிழமை, பால்வண்டி வந்துபோய், பள்ளிக்கூட வேன் இன்னும் வராத இடைவெளியில், ஆனைமுதுகு என்ற பெயரோடு ஒரு காலத்தில் மலையாகவும் பிறகு பாதி மலையாகவும் பிறகு குன்றாகவும் கடைசியில் இருநூறு அடிப் பள்ளமாகவும் கிடந்த கல்குவாரியிலிருந்து, சத்தமே இல்லாமல், பால் பொங்கி வருகிற நிதானத்தில் ஒரு மலை எழும்பி நின்றது. போனது வெறும் கருங்கல் மலை, வந்தது எரிமலை. உச்சியில் வாய் இருந்தது, வாயில் புகை இருந்தது, வாயைச் சுற்றித் தோள்வரைக்கும் வெள்ளை வெளேரென்று உறைபனி இருந்தது. எங்கள் ஊரான நொச்சிப்பாறையில் ஐஸ் வண்டிக்காரனிடம் தவிர வேறெங்கும் அதுவரை நாங்கள் உறைந்த எதையும் பார்த்ததில்லை.

அறுபது ஏக்கர் பள்ளத்துக்குள்ளிருந்து இவ்வளவு பெரிய மலை எப்படி வரும் என்று அளக்க வந்த சர்வேயர் கேட்டார். "பள்ளம் எவ்வளவு பெரிசுன்னு ஒங்களுக்கு என்னங்கய்யா தெரியும், அதுக்குள்ள எறங்கி வேல பாத்தது நாங்கதான்" என்று சொல்லி அவரை அனுப்பிவிட்டோம்.

முதல் புகார் வற்றல் மிளகாயைப் பற்றியது. மலை ஊருக்கு மேற்கே நின்றதால் மூன்று மணிக்கே களத்தில் நிழல் விழுந்துவிடுகிறது, மிளகாய் எப்படிக் காயும் என்று பெண்கள் சத்தம் போட்டார்கள். அடுத்த புகார் குளிர். ஊரில் ஸ்வெட்டர் என்று ஒன்றை வைத்திருந்தவர்கள் மூன்றே பேர், மூவரும் ஊட்டிக்குத் தேனிலவு போய்வந்தவர்கள். மற்ற நாங்கள் சிமெண்ட் சாக்கைக் கிழித்துத் தைத்துப் போட்டுக்கொண்டோம், காதைச் சுற்றித் துண்டைக் கட்டிக்கொண்டோம், ஒரு மாதத்தில் பழகிக்கொண்டோம். ஆடுகளுக்கு ரோமம் நீண்டது, கோழிகள் அடைகாக்க அடுப்படிக்குள் வந்தன, மீன்காரர் டவுனில் ஐஸ் வாங்குவதை நிறுத்தினார், டீக்கடை இப்ராகிம் ராவுத்தர் பனியைச் சீவி நன்னாரி ஊற்றி விற்றார். மலைக்குக் கிடாய் வெட்ட வேண்டுமா என்று பூசாரி குறி கேட்டபோது, சாமி கொஞ்ச நேரம் யோசித்து, "அது எம்மலை இல்லப்பா, ஆனா நல்ல மலைதான், இருந்துட்டுப் போகட்டும்" என்று சொல்லிவிட்டது.

இருபது வருடமாக வாய் பிளந்து கிடந்த எங்கள் கண்மாய், பனி கசிந்து கசிந்து, புரட்டாசிக்குள் நிறைந்து, உபரித் தண்ணீர் வழிகிற கலுங்கைத் தாண்டியது. அதுவரைக்கும் மலையைத் திட்டிக்கொண்டிருந்தவர்களும் அன்றைக்கு வாயை மூடிக்கொண்டு கண்மாயில் இறங்கிக் குளித்தார்கள், பல் கிட்டித்துப்போய் வெளியே ஓடிவந்தார்கள், மறுபடி இறங்கினார்கள். குவாரியில் எங்கள் தண்ணீரெல்லாம் வடிந்துபோன பிறகு முதல்முதலாக நாங்கள் விதைநெல்லைப் பற்றிப் பேசினோம்.

மலை வந்த எட்டாம் நாள் குவாரி முதலாளி வைரவசுந்தரம் வெள்ளைக் காரில் வந்து இறங்கினார். அண்ணாந்து பார்த்தார். அவருக்கும் ஆச்சரியம் ஏற்படவில்லை, அந்த ஒரு விஷயத்தில் அவரும் எங்கள் ஊர்க்காரர்தான்.

"குத்தகை இன்னும் பதினோரு வருஷம் இருக்கு. பள்ளம் என்னுதுன்னா பள்ளத்துல மொளச்சதும் என்னுதுதான். கெழக்கு விளிம்புல நல்ல நயமான கல்லாத் தெரியுது, அங்கருந்து ஆரம்பிப்போம்" என்றார்.

அவர் எப்படி ஆரம்பிப்பார் என்று எங்களுக்குத் தெரியும். எங்களை வைத்துத்தானே நாற்பத்தோரு வருடம் ஆரம்பித்தார்.

இங்கே எங்கள் குவாரிப் பழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். காலையில் பள்ளத்துக்குள் இறங்குகிறவர்கள் ஆளுக்கு ஒரு கூழாங்கல்லை எடுத்து, மேலே கொடி பிடித்து நிற்கிறவரின் தூக்குவாளியில் போட்டுவிட்டு இறங்க வேண்டும். உச்சிப்பொழுதில் கொடிக்காரர் சிவப்புக் கொடியை ஆட்டி, "வேட்டூ...!" என்று மூன்று தடவை, நடுவில் மூச்சுவிட்டு மூச்சுவிட்டு, நீளமாகக் கத்துவார். எல்லாரும் வேலையை அப்படியே போட்டுவிட்டு மேலேறி வந்து ஆளுக்கொரு கல்லை வாளியிலிருந்து எடுத்துக்கொண்டு மரத்தடிக்கும் கூரைக்கும் ஒதுங்க வேண்டும். வாளி காலியான பிறகுதான் விசில், விசிலுக்குப் பிறகுதான் திரிக்கு நெருப்பு. வாளியில் ஒரு கல் கிடந்தாலும் விசில் கிடையாது. இதை எந்த அதிகாரியும் சட்டமாக எழுதித் தரவில்லை, செத்துச் செத்து நாங்களே கண்டுபிடித்தது.

பதினெட்டு வருடத்துக்கு முன்னால் அந்த வாளியைப் பிடித்து நின்றவள் அழகுநாச்சி. அன்றைக்குப் பெரியக்காள் என்கிற பெண்ணின் கால் சரிந்த பாறையில் மாட்டிக்கொள்ள, அவளை இழுக்க மூன்று பேர் திரும்பி உள்ளே போனார்கள். அதில் ஒருவர் அழகுநாச்சியின் புருஷன் நல்லாண்டி. வாளியில் நான்கு கல் கிடந்தது. அப்படியும் வேட்டு வெடித்தது. விசாரணைக்கு வந்தவர்களிடம் வைரவசுந்தரம், கொடிக்காரி அவசரப்பட்டு விசில் ஊதிவிட்டாள் என்று சொன்னார். அப்படித்தான் தாளில் எழுதினார்கள். அந்தத் தாளில் நாங்கள் இருபத்தேழு பேர் கைநாட்டு வைத்தோம். விசில் கேட்டதா என்று ஒருவருக்கொருவர் கேட்டுக்கொள்ளக்கூட இல்லை, மறுநாள் வேலை வேண்டும், வைத்துவிட்டோம். இதைச் சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது, சொல்லாமல் போனால் இன்னும் வெட்கம்.

அதன் பிறகு அவள் எங்களோடு பேசவில்லை என்று சொல்ல முடியாது, பேசினாள். கீரை விற்றாள், விலை சொன்னாள், மழை வருமா என்று கேட்டால் பதில் சொன்னாள். ஆனால் அந்த நான்கு கல்லோடு தூக்குவாளியை வீட்டு விட்டத்தில் தொங்கவிட்டிருந்தாள். விசில் அவள் கழுத்துக் கயிற்றில், தாலி இருந்த இடத்தில் கிடந்தது.

ஐப்பசியில் ஒரு நாள் உச்சிப்பொழுதுக்கு மலை பேசியது. வார்த்தையாக அல்ல, அடிவயிற்றிலிருந்து நீளமாக ஒரு சத்தம், ஒரு மூச்சு இடைவெளி, மறுபடி சத்தம், மறுபடி இடைவெளி, மூன்றாவது சத்தம். சோறு தின்றுகொண்டிருந்தவர்கள் கையைக்கூட உதறாமல் கூரைக்கடிக்கு ஓடினோம், கண்மாயில் நின்றவர்கள் மரத்தடிக்கு ஓடினார்கள், யாரும் யாரையும் என்னவென்று கேட்கவில்லை, எங்கள் கால்களுக்கு அந்தச் சத்தம் தெரியும். நாற்பத்தோரு வருடம் எங்கள் கூப்பாட்டைக் கேட்டுக்கொண்டே வெட்டுப்பட்ட மலை வேறெப்படிக் கூப்பிடும்?

கூப்பிட்டுவிட்டு மலை காத்திருந்தது. தரை லேசாக நடுங்கியது, தண்ணீர்ப் பானைகளில் வட்டம் வட்டமாக அலை எழுந்தது, புகை நின்றுபோனது. ஒரு மணி நேரம் ஆனது. எல்லாரும் கூரைக்கடியிலிருந்து தலையை நீட்டி அழகுநாச்சியின் வீட்டைப் பார்த்தோம். அவள் வாசலில் வந்து நின்று மலையைப் பார்த்து, பக்கத்து வீட்டுக்காரரோடு பேசுகிற குரலில், "வாளியில இன்னும் கல்லு கெடக்கு" என்றாள். மலை பெருமூச்சு விட்டது. நடுக்கம் அடங்கியது. அதற்குப் பிறகு பத்து நாளுக்கு ஒரு தடவை மலை மூன்று முறை கூப்பிடும், காத்திருக்கும், அவள் அதையே சொல்வாள், அடங்கும்.

கார்த்திகையில் புவியியல் துறையிலிருந்து ஜெசிந்தா என்கிற அதிகாரி வந்தார். முப்பத்தைந்து வயது இருக்கும், சுத்தியலும் பூதக்கண்ணாடியும் வைத்திருந்தார், எந்தக் கல்லை எடுத்தாலும் ஒரு துணுக்கை வாயில் போட்டுக் கடித்துப் பார்த்துவிட்டுத்தான் பேசுவார். நூலகக் கட்டடத்தில் தங்கினார், ராவுத்தர் கடையில் சாப்பிட்டார், பகலெல்லாம் மலையை அங்குலம் அங்குலமாகப் படித்தார். நான்கு மாதத்துக்கு முன் வந்த மலைக்கு ஆறு லட்சம் வருடத்துக் கதை இருக்கிறது என்று அவர் சொன்னபோது, அது எப்படி என்று நாங்களும் கேட்கவில்லை, அவரும் விளக்கவில்லை. "மலை எப்ப வந்துச்சுன்னு எழுதுறது என் வேலை இல்லீங்க. எப்ப எப்ப வெடிச்சுச்சுன்னு எழுதுறதுதான் என் வேலை" என்றார்.

சாயங்காலம் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து அவர் பாடம் மாதிரி சொல்லச் சொல்ல நாங்கள் கேட்டோம், அதனாலேயே ஊரில் பலருக்கு அவர் டீச்சர் ஆனார். முதலில் கறுப்புக் குழம்பாக ஒழுகி ஒழுகி மலை தன்னைத்தானே கட்டிக்கொண்டது. அந்தக் குழம்பு ஆறி இறுகிய முதுகில்தான் எங்கள் ஊர் உட்கார்ந்திருக்கிறது. பிறகு உலகமே குளிர்ந்து பனி ஏறியது. பனிக்கடியில் வந்த குழம்பு சட்டென்று குளிர்ந்து கண்ணாடிச் சில்லாக நொறுங்கிப் படிந்தது, மலையின் இடுப்பில் மினுங்குகிற பச்சைப் பட்டை அதுதான். பிறகு ஒருமுறை நீரும் நெருப்பும் ஒன்றையொன்று பிடித்துக்கொள்ள, உச்சியில் மூன்றில் ஒரு பங்கு பறந்தது. அன்றைக்கு விழுந்த நுரைக்கல்தான் இப்போது கண்மாயில் மிதக்கிறது, நாங்கள் குதிகால் தேய்ப்பது அதை வைத்துத்தான். அதற்குப் பிறகு பதினொரு முறை உறைபனி உருகிச் சாம்பலோடும் பாறையோடும் குழைந்து சேற்று வெள்ளமாக இறங்கியிருக்கிறது.

"இந்த மாதிரி மலையில நெருப்பைவிட அந்தச் சேறுதான் ஆளைக் கொல்லும். குதிரை வேகத்துல வரும், ஆறின பிறகு சிமெண்ட் மாதிரி இறுகிரும். ஆனா பதினொரு தடவையும் மேற்கு ஓடை வழியாத்தான் போயிருக்கு. கிழக்கு விளிம்பு உசரமா நிக்கிறதால உங்க ஊர் நிக்கிற முதுகு ஒரு தடவைகூடச் சேறு பார்க்கல."

"கெழக்கு விளிம்புலதானம்மா அவரு கல்லு ஒடைக்கப் போறாரு?" என்று ராவுத்தர் கேட்டார்.

ஜெசிந்தா டீ கிளாஸை வைத்தார். "உடைச்சா பன்னிரண்டாவது தடவை உங்க மேலதான் வரும். இன்னொண்ணும் சொல்றேன். மலை வீங்கிக்கிட்டே இருக்கு. எதையோ புடிச்சு வச்சுக்கிட்டிருக்கு. சின்னதா விட்டுட்டா நல்லது, ரொம்ப நாள் புடிச்சு வச்சா நல்லதில்ல."

நாங்கள் எல்லாரும் தரையைப் பார்த்தோம். எதைப் பிடித்து வைத்திருக்கிறது, யாருக்காக என்று எங்களுக்குத் தெரியும்.

மறுவாரம் அவர் உறைபனியில் குழாயை இறக்கி, ஒரு கை நீளத்துக்குப் பனித்தண்டு ஒன்றை எடுத்துக்கொண்டு வந்தார். வருடத்துக்கு ஒரு வளையம் என்று அதில் கோடு கோடாக இருந்தது. "இது எரிமலைச் சாம்பல் இல்ல. கருங்கல் தூசி. உங்க குவாரித் தூசிதான். நாப்பது வருஷத்து வேட்டும் இதுல பதிஞ்சிருக்கு" என்றார். கீரைக் கூடையோடு நின்றிருந்த அழகுநாச்சி கிட்டே வந்து குனிந்தாள். எழுதப் படிக்கத் தெரியாதவள் அந்தத் தண்டை எங்கள் எல்லாருக்கும் முன்னால் படித்தாள். முடி மாதிரி மூன்று கோடு, மூன்று கூப்பாடு. பிறகு வெள்ளை, ஆட்கள் ஏறுகிற நேரம். பிறகு மெல்லிய நீலக் கோடு, விசில். பிறகு கறுப்பு, வேட்டு. மூன்று கோடு, வெள்ளை, நீலம், கறுப்பு. மூன்று கோடு, வெள்ளை, நீலம், கறுப்பு. அவள் விரல் ஒரு இடத்தில் நின்றது. அங்கே மூன்று கோடு இருந்தது, வெள்ளை இருந்தது, கறுப்பு இருந்தது. நீலம் இல்லை.

"இது எந்த வருசம் டீச்சர்?" என்றாள். ஜெசிந்தா வளையங்களை எண்ணினார். "பதினெட்டு வருஷம் முன்னாடி."

அவள் அழவில்லை. மீன்காரரின் ஐஸ் பெட்டியை வாங்கி, தண்டை அதில் வைத்து வைக்கோல் சுற்றி, ஏழரை மணி பஸ்ஸில் ஏறித் தாலுகா அலுவலகத்துக்குப் போனாள். நாங்கள் நான்கைந்து பேர் கூடப் போனோம். அதிகாரி கூட்டத்தில் இருந்தார், பிறகு சாப்பிடப் போனார், பிறகு வேறு கூட்டத்தில் இருந்தார். பெட்டியின் அடியிலிருந்து தண்ணீர் சொட்டுவதைப் பார்த்துக்கொண்டே வராந்தாவில் உட்கார்ந்திருந்தோம். நாலரை மணிக்கு உள்ளே கூப்பிட்டபோது பெட்டியில் தண்ணீர்தான் இருந்தது. எழுத்தர் நல்ல மனிதர், ஆதாரம் இருந்தால் மனுவோடு இணைத்துக் கொடுங்கள் என்றார். தண்ணீரை பாட்டிலில் ஊற்றி இணைத்தோம். "இணைப்பு: தண்ணீர், ஒரு பாட்டில்" என்று எழுதி முத்திரை குத்தி ரசீது தந்தார்.

பஸ்ஸில் திரும்பி வரும்போது அவள் ஜன்னல் வழியாக மலையைப் பார்த்தாள். "போனா போகுது. அது மேல இன்னும் நெறைய பனி கெடக்கு, எங்கயும் ஓடிராது" என்றாள்.

பாட்டில் சமாச்சாரம் வைரவசுந்தரத்தின் காதுக்கு எட்டாமல் இருக்குமா? அடுத்த வாரமே ஊர் எல்லையில் பலகை நட்டார்கள்: எரிமலை அபாயப் பகுதி, பொதுமக்கள் பதினைந்து நாளுக்குள் வெளியேற வேண்டும். பொதுமக்கள் வெளியேற வேண்டும் என்றுதான் இருந்தது, குவாரி வெளியேற வேண்டும் என்று இல்லை. எங்களுக்கு இருபது மைல் தள்ளித் தகரக் கொட்டகை ஒதுக்கியிருந்தார்கள். நாங்கள் பலகையைப் பிடுங்கி ராவுத்தர் கடைக்குக் கொண்டுவந்து, நான்கு கல்லின் மேல் வைத்து பெஞ்சாக்கி, அதில் உட்கார்ந்து டீ குடித்தோம். மலையே கிளம்பிப் போய்விட்டுத் திரும்பி வந்திருக்கிறது, நாங்கள் எதற்குக் கிளம்ப வேண்டும்?

பதினாறாம் நாள் காலையில் அவருடைய ஆட்கள் வந்தார்கள். இரண்டு கம்ப்ரசர், ஒரு பொக்லைன், வெளியூர்க்காரர்கள் எட்டுப் பேர், எங்கள் ஊர்க்காரன் ஒருவன். அவன் சேவுகன். அன்றைக்குச் செத்த நால்வரில் ஒருவரான அடைக்கனின் மகன். பன்னிரண்டு வயதில் அப்பனைப் புதைத்தவன். பதினெட்டு வருடமாக அழகுநாச்சி எதிரே வந்தால் தெருவைவிட்டு இறங்கி நடக்கிறவன்.

மலைப்பாதை தொடங்குகிற இடத்தில் அழகுநாச்சி நின்றிருந்தாள். ஒரு கையில் சிவப்புக் கொடி, ஒரு கையில் தூக்குவாளி. மறிப்பாள் என்று எதிர்பார்த்தார்கள், அவள் மறிக்கவில்லை. "கல்லப் போட்டுட்டுப் போங்கப்பா" என்றாள். கல் வேலை செய்கிறவன் எந்த ஊர்க்காரனாக இருந்தாலும் அது அவனுக்குப் புரியும்; எட்டுப் பேரும் குனிந்து ஆளுக்கொரு கல்லை எடுத்துப் போட்டார்கள். சேவுகன் முகத்தைத் திருப்பிக்கொண்டு போட்டான். வைரவசுந்தரம் சிரித்தார்.

"நானும் போடணுமா?"

"நீங்க போட மாட்டீங்க. ஒங்களுக்கும் சேத்து நானே போட்டுக்கறேன்" என்று அவள் ஒரு கல்லை எடுத்து வாளியில் போட்டாள். அது டங் என்று விழுந்தது.

கிழக்கு விளிம்பில் கம்ப்ரசர் அலறத் தொடங்கியது. ஊரே மலையடிவாரத்தில் நின்றோம், அங்கிருந்து மேலே ஆட்கள் எறும்பாகத் தெரிந்தார்கள். வெள்ளைப் பனியின் மேல் கருந்தூசி படிவதைப் பார்த்துக்கொண்டு நின்றோம், அது எங்கள் நெஞ்சில் படிகிற மாதிரி இருந்தது. சரியாக உச்சிப்பொழுதுக்கு மலை கூப்பிட்டது. முதல் கூப்பாட்டுக்குக் கம்ப்ரசர்கள் நின்றன. இரண்டாவதுக்கு எட்டுப் பேரும் கருவிகளைப் போட்டார்கள். மூன்றாவதுக்கு ஓடத் தொடங்கியவர்களை நிறுத்த வைரவசுந்தரம் ஒலிபெருக்கியைக் கையில் எடுத்தார். குளிர்ந்த காற்றில் அந்தக் குரல் கண்மாய்க் கரை வரைக்கும் கேட்டது.

"எவனும் அசையாதீங்கடா! விசில் ஊதாம இந்த மலை வெடிக்காது. அந்தா கீழ நிக்கிறாளே, அவ ஊத மாட்டா. ஆள் உள்ள நிக்கும்போது ஊதுற ரகமே இல்ல அவ. அன்னைக்கு நாலு பேரு உள்ள இருக்காங்கன்னு ஒரு மணி நேரம் விசில வாயில வைக்காம நின்னவடா அவ! லாரி காத்துக் கெடக்குன்னு நான்தான் திரியக் கொளுத்தச் சொன்னேன். புருசன் செத்தப்பவே ஊதாதவ, இன்னைக்கு ஊதிருவாளா? தைரியமா ஓட்டுங்க!"

அவருக்குத் தான் என்ன சொன்னோம் என்று தெரிந்திருக்காது. பயந்த ஆட்களுக்குத் தைரியம் சொல்லுகிற அவசரத்தில் பதினெட்டு வருடம் மூடி வைத்ததை ஒலிபெருக்கியில் சொல்லிவிட்டார். அழகுநாச்சி கொடியை ஊன்றிக்கொண்டு நின்றாள், அவள் முகத்தைப் பார்க்க எங்களில் ஒருவருக்கும் துணிச்சல் வரவில்லை.

மேலே ஒரு எறும்பு மட்டும் நகர்ந்தது. சேவுகன் கம்ப்ரசர் சாவியைப் பிடுங்கிப் பனியில் வீசிவிட்டு இறங்கி வந்தான், அவன் பின்னால் எட்டுப் பேரும் வந்தார்கள், முதலாளி ஒலிபெருக்கியில் கத்தக் கத்த அவர்கள் திரும்பிப் பார்க்காமல் வந்தார்கள். சேவுகன் அவள் முன்னால் வந்து நின்றான்.

"சின்னம்மா. என் கல்லக் குடுங்க."

அவள் வாளியை நீட்டினாள். அவன் எடுத்துக்கொண்டான். எட்டுப் பேரும் எடுத்துக்கொண்டார்கள். வாளியில் மிச்சம் ஐந்து கல்.

வைரவசுந்தரம் இறங்கவில்லை. பொக்லைன் கூண்டுக்குள் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டார். தான் அங்கே இருக்கும்வரை மலை வெடிக்காது, மலை வெடிக்காதவரை குத்தகை தன்னுடையது, இரண்டு நாளில் வேறு ஆட்கள் வருவார்கள் என்று அவர் நினைத்தார். அவர் சொன்னது உண்மைதான், அழகுநாச்சி ஊத மாட்டாள். "ஊதித் தொலை சின்னம்மா, எங்கப்பன் சாவுக்குப் பதிலாச்சு!" என்று சேவுகன் கத்தினான். இன்னும் சிலரும் கத்தினார்கள். அவள் வாளியைக் குலுக்கிக் காட்டினாள்.

"உள்ள ஒரு ஆளு இருக்குடா. ஆளு இருக்கையில ஊதினா அந்தாளுக்கும் எனக்கும் என்ன வித்தியாசம்?"

அவள் அங்கேயே உட்கார்ந்துகொண்டாள், நாங்களும் உட்கார்ந்தோம். மலை மூச்சைப் பிடித்துக்கொண்டு நடுங்கியது. ஜெசிந்தா தரையில் கையை வைத்துப் பார்த்துவிட்டு இன்னும் ஒரு நாள் தாங்கும், அதற்கு மேல் எனக்குத் தெரியாது என்றார். அவரைக் கிளம்பச் சொன்னோம், அவர் கிளம்பவில்லை. கேப்பைக் கூழ் காய்ச்சினோம், தீ மூட்டிச் சுற்றி உட்கார்ந்தோம், பிள்ளைகள் மடியில் தூங்கின, ஒரு குடும்பம்கூட மூட்டை கட்டவில்லை. மேலே முதலாளிக்கு டீ கொண்டுபோக ஆள் இல்லை, மதியச் சோறு கொண்டுபோக ஆள் இல்லை, வேட்டிக்கு மேல் போர்த்த ஒரு சாக்கு கொடுக்க ஆள் இல்லை. நாற்பத்தோரு வருடத்தில் அவர் ஒரு நாள்கூடத் தனக்குத்தானே ஒரு டம்ளர் தண்ணீர் மொண்டு குடித்ததில்லை.

மறுநாள் காலை பத்து மணிக்கு, பொக்லைன் சீட்டு உறையைக் கிழித்துப் போர்த்திக்கொண்டு, வழுக்கி வழுக்கி, ஒற்றைச் செருப்போடு அவர் இறங்கி வந்தார். உதடு நீலமாக இருந்தது. ராவுத்தர் ஒரு டீயை நீட்டினார், இரண்டு கையாலும் பிடித்துக் குடித்தார். அவர் குடித்து முடிக்கும்வரை அழகுநாச்சி காத்திருந்துவிட்டு, வாளியில் கையை விட்டு ஒரு கல்லை எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்தாள்.

"இது ஒங்களுது."

அவர் போக எழுந்தார். அவள் விடவில்லை.

"இன்னும் நாலு இருக்கு. நீட்டுங்க கைய."

அவர் எங்களைப் பார்த்தார். நாங்கள் அவரைப் பார்த்தோம். நாற்பத்தோரு வருடத்தில் முதல்முறையாக நாங்கள் தலையைக் குனியவில்லை. அவர் கை தானாக நீண்டது.

"பெரியக்கா" என்று ஒரு கல்லை வைத்தாள். "வீரணன்" என்று ஒரு கல்லை வைத்தாள். "அடைக்கன்" என்று வைத்தபோது சேவுகன் வாய்விட்டு அழுதான். கடைசிக் கல்லை விரல்களுக்கு நடுவில் கொஞ்ச நேரம் வைத்திருந்தாள், அது தேய்ந்து வழவழப்பாக இருந்தது, எத்தனை நாள் எடுத்து எடுத்துத் தடவியிருப்பாளோ. "நல்லாண்டி" என்று அதையும் வைத்தாள். வாளியைக் கவிழ்த்துக் காட்டினாள். காலி.

அப்போது ராவுத்தர், கைநாட்டு வைத்த இருபத்தேழு பேரில் உயிரோடிருந்த எங்கள் பத்தொன்பது பேருக்கும் சேர்த்துப் பேசினார். "அழகு, நாங்க பொய்க்குக் கைநாட்டு வச்சோம்மா. எங்கள..."

"தெரியும் ராவுத்தரண்ணே" என்றாள் அவள். "ஓரமா நில்லுங்க. வேட்டு வரப் போகுது."

"அழகுநாச்சி, ஊதினா பனி பூரா உருகிரும். அந்த நீலக் கோடு இல்லாத இடமும் போயிரும். உங்க சாட்சி அது ஒண்ணுதான்" என்றார் ஜெசிந்தா.

அவள் கூடியிருந்த எங்களைச் சுற்றி ஒரு தடவை பார்த்தாள். "நேத்து அத்தன காதும் கேட்டுச்சுல்ல டீச்சர். மலை எதுக்கு இன்னும் அதச் சொமந்துக்கிட்டு நிக்கணும்?"

எல்லாரும் ஒதுங்கினோம். தலைகளை எண்ணினாள், முதலாளியின் தலையையும் சேர்த்து. கழுத்துக் கயிற்றிலிருந்த விசிலைப் புடவை முந்தானையில் துடைத்தாள். ஊதினாள். பதினெட்டு வருடமாகக் காத்துக் கிடந்த அந்தச் சத்தம் நீளமாக, கொஞ்சமும் உடையாமல், மலைமுகட்டுக்குப் போய்ச் சேர்ந்தது.

மலை திரியைக் கொளுத்தியது. வாயிலிருந்து கறுப்புத் தூண் எழும்பி வானத்தில் முட்டி விரிந்தது, உச்சிக்கருகே கிடந்த பனி பூராவும் ஒரே மூச்சில் இளகியது, பதினொரு முறை இறங்கிய அதே மேற்கு ஓடையில் சேறு பன்னிரண்டாம் முறையாக இறங்கியது. போகிற வழியில் கிரஷரை எடுத்துக்கொண்டது, குவாரி ஆபீசை எடுத்துக்கொண்டது, ஆபீஸ் வாசலில் நின்ற வெள்ளைக் காரை எடுத்துக்கொண்டது. குத்தகையை அளந்து நட்ட எல்லைக்கல் ஒவ்வொன்றையும் தேடிப் பிடித்த மாதிரி பிடுங்கிக்கொண்டு போய் இருபது அடிக்குக் கீழே புதைத்து இறுகிப்போனது. கிழக்கே எங்கள் முதுகின் மேல் வெதுவெதுப்பாகச் சாம்பல் மட்டும் விழுந்தது. காயப்போட்ட மிளகாயெல்லாம் நாசம். பெண்கள் மலையைத் திட்டிக்கொண்டே சிரித்தார்கள், சிரித்துக்கொண்டே அழுதார்கள்.

வைரவசுந்தரம் நடந்துதான் போனார். ஐந்து கல்லையும் எங்கே போடுவது என்று தெரியாமல் கையை மூடிக்கொண்டே போனார், கண்மாய்க் கரை திரும்புகிறவரைக்கும் அந்தக் கை திறக்கவில்லை.

ஜெசிந்தா தன் நோட்டில் மார்கழி பதினொன்று, பகல் பதினொன்றே கால், பன்னிரண்டாம் சேற்று வெள்ளம், உயிர்ச்சேதம் இல்லை என்று எழுதினார். அதற்குக் கீழே, விசில் ஊதப்பட்டது என்றும் எழுதி, அழகுநாச்சியின் கையெழுத்து வேண்டும் என்றார். அவள் பெருவிரலில் சாம்பலைத் தொட்டு வைத்தாள்.

மறுநாள் விடிந்தபோது உச்சியில் புதுப் பனி விழத் தொடங்கியிருந்தது. மலைச்சரிவுக்கு ஆடு ஓட்டிப் போனவர்கள் பாதை ஓரத்தில் நின்றிருந்த அழகுநாச்சியின் வாளியில் ஆளுக்கொரு கல்லைப் போட்டுவிட்டுப் போனார்கள்.